ஆறு நடந்தால் வழக்கு எங்கே போகும்?

நடந்ததை வரிசைப்படியே சொல்லிவிடுகிறேன். வரிசை தவறினால் எனக்குக் கோபம் வந்துவிடும்.

1. மாரி தொடங்கியது. ஆற்றின் வாயை மணல் மூடிக் கிடந்ததால் ஈச்சிலம்பற்று வயல்களுக்குள் வெள்ளம் ஏறியது.
2. அண்ணா ஆட்களோடு போய், மணல் மெல்லிதாக இருந்த இடத்தில் வெட்டிவிட்டார். வெள்ளம் கடலுக்குப் போனது. வயல் தப்பியது.
3. வெட்டிய இடம் பழைய வாய்க்கு வடக்கே. ஆறு அதையே தன் வாயாக வைத்துக்கொண்டது.
4. எங்கள் பாடு — கரைவலை இழுக்க எங்கள் குடும்பத்துக்கு ஒதுக்கிய கரைத்துண்டு — ஆற்றுக்குத் தெற்கே, அந்தப் பக்கமாகிவிட்டது.
5. அந்தப் பக்கம் வலை இழுப்பவர் என் மாமா மகள் வசந்தியின் கணவர். இப்போது எங்கள் துண்டிலும் அவர்தான் இழுக்கிறார்.

இதில் எங்கள் பிழை எது தெரியுமா? பாட்டின் தெற்கெல்லை 'ஆற்று வாய்' என்று கரைவலை அனுமதிப் பத்திரத்தில் எழுதி வைத்திருந்தோம். நடக்கிற ஆற்றை எல்லைக்கல்லாக நட்ட ஆட்கள் நாங்கள்!

அந்த ஆறுதான் திருகோணமலைக்கும் மட்டக்களப்புக்கும் மாவட்ட எல்லை. அண்ணா வழக்குப் போட்டார். "அந்தக் கரை எங்கள் எல்லைக்கு வெளியே, நியாயாதிக்கம் இல்லை" என்றது இந்தப் பக்க நீதிமன்றம். விசாரிக்கும் அதிகாரமே இல்லையாம். அந்தப் பக்கம் போனோம். "அனுமதி தந்தது உங்கள் மாவட்டம், அங்கே கேளுங்கள்."

அண்ணா எங்கள் வழக்கைப் பேசிய சட்டத்தரணியிடம் கேட்டார். "அப்ப ஐயா, அந்த மண் ஆரின்ரை? கடலின்ரையோ?"

"தம்பி, மண் ஆரின்ரை எண்டதுக்கு நாங்கள் இன்னும் வரேல்லை. அதை ஆர் சொல்லுறது எண்டதிலைதான் நிக்கிறம்."

நாடுகளுக்கும் இதே கதைதானே? ஒரு தீவுக்காக இரண்டு அரசுகள் அடித்துக்கொண்டால், அனைத்துலக நீதிமன்றமும் முதலில் பார்ப்பது 'இதைக் கேட்க எனக்கு உரிமை உண்டா' என்றுதான். இரு தரப்பும் சம்மதிக்காவிட்டால் பெரும்பாலும் கதை அங்கேயே முடிந்துவிடும்.

நான் நில அளவை படித்தவள். பாலையூற்றில் இருந்து திருகோணமலைப் பட்டணத்துக்கு வேலைக்குப் போகிறேன். போன சனிக்கிழமை அண்ணா கூப்பிட்டார். "நீ வந்து அளந்து, பழைய எல்லையைக் காட்டு."

போனேன். வசந்தியின் வலை கரையேறிக்கொண்டிருந்தது. வலையின் மடி நிறையச் சூடை மீன்... எங்கள் பாட்டு மீன்! கயிற்றைப் பிடித்திருந்தவர்களில் அண்ணாவும் ஒருவர். சொந்தப் பாட்டில் கூலிக்கு! வசந்தியோ குடைக்குக் கீழே கதிரை போட்டு, விலை பேசிச் சிரித்துக்கொண்டிருந்தாள். நானும் அவளும் ஒரே வகுப்பு. கணக்கு என்னைப் பார்த்து எழுதியவள். வயிறு எரிந்தது. மறைக்க என்ன இருக்கிறது?

"எடி மச்சாள், வெயிலுக்கை நிக்காதை," என்றாள். "நீயே அளந்து கல்லைப் போடு. நீ சொன்னா நாங்கள் ஏற்பம்."

அண்ணா கயிற்றை விட்டுவிட்டு ஓடி வந்தார். "நாங்களும் ஏற்பம். ஓம் எண்டு சொல்லு!"

இரண்டு நீதிமன்றங்களுக்குக் கிடைக்காத அதிகாரம் — இரு தரப்புச் சம்மதத்தோடு — என் கையில்!

பழைய வாய் இருந்த இடத்தில் இப்போது வெறும் மணல். நான் எங்கே கல் நட்டாலும் அங்கே யாரும் பிழை பிடிக்க முடியாது. கருவியைத் தூக்கிக்கொண்டு நடந்தேன். கால் தெற்கே போனது. இன்னும் கொஞ்சம் தெற்கே... நிமிர்ந்து பார்த்தால் வசந்தியின் வலைவாடி வாசலில் நிற்கிறேன்! அது வலை வைக்க அவர்கள் எப்போதிருந்தோ போட்டிருக்கும் கொட்டில். அதையும் சேர்த்து அண்ணாவுக்கு எழுதிக் கொடுக்க இருந்தேன்.

கருவியை மடித்தேன். "எனக்கு ஏலாது மச்சாள். வேறை ஆளைப் பிடியுங்கோ."

"ஏன், எரிச்சலோ?"

"ஓம்."

அவள் சிரித்தாள். ஒரு பை மீனைக் கையில் திணித்தாள். "கொண்டுபோய்ப் பொரிச்சுச் சாப்பிடு. எரிச்சல் ஆறும்."

இன்றைய நிலவரம்: இரு தரப்புக்கும் உறவில்லாத ஓர் அளவையாளரைத் தேடுகிறோம். அவர் கிடைக்கும்வரை வலை வசந்தியுடையது, கூலி அண்ணாவுடையது.

மீன் நல்ல ருசி. அதுதான் இன்னும் எரிகிறது.