கண்ணாடிக் கடையும் நாங்கள் மறைத்த கடிதமும்

தேயிலைச் சாயம் கொதித்து இறங்கும்போது எழும் அந்தக் கசப்பு மணம், வால்தம்ஸ்டோ என்ற ஆங்கிலேயப் புறநகரில் ஒரு சலவைக் கடைக்கு மேலே இருந்த எங்கள் இரண்டறை வீட்டில், சனிக்கிழமைக் காலைகளில் கட்டில் வரை வந்து என்னை எழுப்பும். வாரம் முழுவதும் பெற்றோல் ஸ்டேஷனில் ஷிப்ட் செய்த அப்பா, அன்று மட்டும் அம்மாவை அடுப்படிக்குள் விடமாட்டார். கையை உயர்த்தித் தேத்தண்ணியை "ஆத்தி", நுரை பொங்க எங்கள் முன் வைத்துவிட்டு, "கந்தையா அண்ணை ஆத்தினால் இதைவிட ரெண்டு மடங்கு நுரை நிக்கும்" என்பார்.

கந்தையா மாமா எங்கள் கடையில் தேநீர் போட்டவர். கடை என்றால், யாழ்ப்பாணத்தில் ஒரு நாற்சந்தியில் பெரியப்பாவும் அப்பாவும் சேர்ந்து தொடங்கிய தேநீர்க்கடை. பெயர்ப்பலகையில் ஏதோ ஒரு சாமியின் பெயர் இருந்தது. அதை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. மூடப்பட்ட ஒரு தியேட்டரிலிருந்து ஆளுயரக் கண்ணாடி ஒன்றைப் பெரியப்பா வண்டியில் ஏற்றிவந்து உள்சுவரில் பதித்த நாளிலிருந்து அது "கண்ணாடிக் கடை"தான். பெண் பார்க்கப் போகிறவர்களும் வேலைக்கு நேர்முகம் போகிறவர்களும் அங்கே பால் விடாத ஒரு "பிளேன்ரீ" குடித்து, கண்ணாடியில் தலையைச் சீவிக்கொண்டு பஸ் ஏறுவார்களாம். கொண்டக்டர்கள் சந்தியின் உண்மைப் பெயரை விட்டுவிட்டு "கண்ணாடிக் கடையடி இறங்கு" என்றே கூவுவார்களாம். எண்பதுகளின் நடுவில், எட்டு வயதில் ஊரைவிட்டு வந்த எனக்கு, அந்தக் கண்ணாடியில் என் சிவப்பு ரிப்பனைப் பார்த்தது மட்டுமே சொந்த நினைவு. மற்றதெல்லாம் அப்பா சொன்னது. பெரியப்பா கடையோடு அங்கேயே இருந்துவிட்டார். சண்டை ஓய்ந்ததும் தானும் திரும்பிப் போய் மேல்மாடி கட்டப்போவதாக அப்பா சொல்லிக்கொண்டே இருந்தார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அப்பாவுக்கு நெஞ்சில் ஆபரேஷன் நடந்தது. அவர் வீட்டுக்கு வந்த இரண்டாவது கிழமை பெரியப்பாவின் கடிதம் வந்தது. அப்பா உள்ளே தூங்கிக்கொண்டிருக்க, அம்மா அடுப்படியில் நின்றபடியே அதைப் படித்தார். படித்து முடித்து என்னிடம் நீட்டினார். விமானம் போட்ட குண்டு கடையின் மேல் விழுந்திருந்தது. பெரியப்பா பால் எடுக்கப் போயிருந்ததால் தப்பிவிட்டார். கந்தையா மாமா உள்ளே நின்றிருக்கிறார்.

"இப்ப சொல்ல ஏலாது. அதிர்ச்சி ஒண்டும் கூடாதெண்டு டொக்டர் சொன்னது உனக்குத் தெரியும்தானே. அப்பா கொஞ்சம் தேறட்டும், நானே சொல்லுறன்" என்றார் அம்மா.

எனக்குப் பதினான்கு வயது. ஓம் என்றேன். அப்பாவுக்கு இப்போதைக்கு எதையும் தெரிவிக்க வேண்டாம் என்று அன்றே அம்மா பெரியப்பாவுக்கும் எழுதினார்.

அப்பா தேறினார், வேலைக்கும் போனார். ஆனால், சொல்வதற்கு ஏற்ற நாள் என்று ஒன்று வரவேயில்லை. இரண்டு மூன்று மாதங்களுக்கு ஒருமுறை பெரியப்பாவின் கடிதம் வரும். கடை வழமைபோல நடக்கிறது என்று எழுதுவார். புதிதாக வந்த வாத்தியார் ஒருவர் தேத்தண்ணிக்கு நாலு கரண்டி சீனி கேட்கிறார், கந்தையா முணுமுணுத்துக்கொண்டே போட்டுக் கொடுக்கிறான் என்று எழுதுவார். அப்பா அதை எங்களுக்கு உரக்க வாசித்துச் சிரிப்பார். அம்மா எழுந்து போய்க் குழாயைத் திறந்துவிட்டுப் பாத்திரம் கழுவுவார்.

ஒரு சனிக்கிழமை அப்பா என்னை வால்தம்ஸ்டோ சந்தைக்குக் கூட்டிப்போனார். கந்தையா அண்ணைக்கு ஒரு கைமணிக்கூடு வாங்கி அனுப்ப வேண்டும், அந்த மனிதன் வாழ்நாள் முழுக்கப் பள்ளிக்கூட மணியைக் கேட்டே நேரம் பார்த்தவர் என்றார். கறுப்பு வாரா, மண்ணிற வாரா என்று என்னைக் கேட்டார். நான் மண்ணிறம் என்றேன். அம்மா அதை அலுமாரியிலிருந்த சேலை மடிப்புக்குள் ஒளித்துவைத்துவிட்டு, கொழும்புக்குப் போன ஒருவரிடம் கொடுத்துவிட்டதாகச் சொன்னார்.

அடுத்த ஆண்டு ஆர்ச்வே முருகன் கோயிலில், பூசை முடிந்து சாப்பாட்டுக்கு நின்றபோது, ஊரிலிருந்து புதிதாக வந்திருந்த ஓர் இளைஞன் எங்கள் பக்கத்தில் நின்றான். எந்த இடம் என்று அப்பா கேட்டார்.

"கண்ணாடிக் கடையடி, ஐயா."

அப்பாவின் முகம் மலர்ந்ததை இன்றும் என்னால் மனம் நோகாமல் நினைத்துப் பார்க்க முடியவில்லை. "அது எங்கட கடை, தம்பி. கந்தையா அண்ணையின்ர தேத்தண்ணி குடிச்சனீரோ?"

அவன் அப்பாவைப் பார்த்தான், பிறகு அம்மாவைப் பார்த்தான். "கடை இல்லை, ஐயா. குண்டு விழுந்து ரெண்டு வருசமாச்சு. அவரும் அதிலதான் முடிஞ்சவர். இடத்தின்ர பேர் மட்டும் அப்பிடியே இருக்கு."

வீட்டுக்கு வந்து சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்த அப்பா, அம்மாவை அல்ல, என்னைத்தான் கேட்டார்.

"உனக்கும் தெரியுமோ, பிள்ளை?"

"ஓம், அப்பா."

"மணிக்கூடு வாங்கேக்கையும் தெரியுமோ?"

"ஓம்."

கோபிப்பார் என்று காத்திருந்தேன். அவர் குனிந்து சப்பாத்தின் நாடாவை அவிழ்த்தார். "அண்ணை தனிய இருந்துகொண்டு எப்பிடி இதெல்லாம் எழுதினவர்" என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் அவர் பெரியப்பாவுக்கு எழுதிய கடிதம் நான்கு தாள். அதை நான்தான் தபாலில் போட்டேன். பதில் வரவில்லை. அந்தப் பகுதிச் சனங்கள் இடம்பெயர்ந்து போனார்கள் என்று முதலில் கேள்விப்பட்டோம். அகதிகள் தங்கியிருந்த ஒரு பள்ளிக்கூடத்தில் பெரியப்பா காய்ச்சலில் இறந்துபோனார் என்ற செய்தி பல மாதங்கள் கழித்து வந்தது. அப்பாவின் கடிதம் அவர் கைக்குக் கிடைத்ததா என்று சொல்ல யாரும் இருக்கவில்லை.

இப்போது அப்பாவும் இல்லை. சலவைக் கடையிருந்த கட்டடத்தை இடித்துவிட்டு அடுக்குமாடி எழுப்பியிருக்கிறார்கள். கடையின் படம் ஒன்றுகூட எங்களிடம் இல்லை. அம்மாவுக்கு வயதாகிவிட்டது, அவரை நான் குறை சொல்வதில்லை, அன்றைக்கு அவர் பயந்தது நியாயமான பயம். ஆனால், அப்பா தேறிய பிறகாவது நானே வாயைத் திறந்திருக்கலாம். அண்ணனும் தம்பியும் கந்தையா மாமாவுக்காகக் கடிதத்திலாவது சேர்ந்து அழுவதற்கு இரண்டு ஆண்டுகள் இருந்தன. கடையை அழித்தது போர்தான். அந்த இரண்டு ஆண்டுகளை அவர்களிடமிருந்து எடுத்தது நாங்கள்.