கெளுத்திக்கு யார் சொன்னார்கள்?

என் வீட்டுக்காரருக்கு மீன் என்றால் உயிர். தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து லொறி ஓட்டிய காலத்தில், பதுளையிலிருந்து திரும்பும்போது லொறியை ஓரங்கட்டிவிட்டு ஓயா ஆற்றில் தூண்டில் போடுவார். தோட்டத்துத் துரையிடம் ஏச்சு வாங்கியும் திருந்தாத ஜென்மம். பார்வை போனதும் லொறியும் போனது, தூண்டிலும் போனது. நான் பிள்ளைக் காம்பராவில் பகலெல்லாம் அடுத்தவர் பிள்ளைகளைப் பார்த்துவிட்டு லயத்து வீட்டுக்கு வந்தால், இங்கே ஒரு பெரிய பிள்ளை, போனில் என்ன செய்தி என்று கேட்டபடி உட்கார்ந்திருக்கும். மீன் செய்தியாகத் தேடிப் பிடித்து வாசிப்பேன். மற்றச் செய்திகளை வாசித்தால் இரண்டு பேருக்கும் கோபம்தான் வரும்.

போன மழைக்காலத்தில் பதுளையில் கண் டாக்டரிடம் காட்டினோம். அவரை வாங்குப் பலகையில் உட்காரவைத்துவிட்டு, டாக்டர் என்னை மட்டும் கதவருகே கூப்பிட்டுச் சிங்களத்தில் சொன்னார். கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பு செத்துவிட்டது, இனிப் பார்வை வராது, மருந்து விடுவது வலி தெரியாமல் இருக்கத்தான் என்றார்.

லுணுகலை பஸ்ஸில் ஏறியதும், "டாக்டர் என்ன சொன்னாரு?" என்று கேட்டார்.

"மருந்த விடாமப் போடச் சொன்னாருங்க."

மீதியைச் சொல்லாமல் டிக்கட் காசை எண்ணினேன்.

வீட்டில் பிரிட்ஜ் இல்லை. மருந்துப் போத்தலை மண்சட்டித் தண்ணீரில் நிறுத்தி வைத்திருந்தேன். காலையில் மருந்து விட்டதும் வாசலில் போய் நின்று பெக்டரிக் கூரைப் பக்கம் முகத்தைத் திருப்புவார். "இன்னைக்குக் கொஞ்சம் தெளிவா இருக்கு புள்ள" என்பார். "நல்லதுங்க" என்றுவிட்டு அடுப்பை ஊதக் குனிந்துகொள்வேன். கண் கலங்கினால் புகை என்று சொல்லிக்கொள்ளலாம். அவரிடம் அந்தச் சாக்குகூடத் தேவைப்படவில்லை. அதை நினைத்தால்தான் எனக்கு இன்னும் அழுகை வரும்.

ஒரு நாள் சாயங்காலம் போனில் அமேசான் ஆற்றுக் கெளுத்தி ஒன்று வந்தது. யோசிக்காமல் வாசித்துவிட்டேன். சுண்டுவிரல் நுனி அளவுதான். வெளிச்சமே எட்டாத ஆழத்தில், ஆற்றின் அடியில் கிடக்குமாம். அதற்குக் கண்ணே கிடையாதாம்.

வாசித்த பிறகுதான் உறைத்தது. போனை வீசி எறியலாம் போலிருந்தது.

"குழம்புக்குக் காணாது" என்று சிரித்தார். பிறகு தடவி என் கையைப் பிடித்தார்.

"ஏ புள்ள, அதுக்குக் கண்ணு இல்லைன்னு யாராச்சும் அதுக்கிட்ட சொல்லியிருப்பாங்களா?"

"மீனுக்கிட்ட யாருங்க சொல்லுவா?"

"எனக்கு நீ சொல்லிரு."

அடுப்படிக்கு ஓட எழுந்தேன். என் கை இன்னும் அவர் கைக்குள் இருந்தது.

"வராதுங்க" என்றேன். "இனி வராதாம்."

"தெரியும். நான் வாங்குலதானே உக்காந்திருந்தேன். கண்ணுதான் போச்சு, காதுமா போச்சு?"

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "அப்புறம் எதுக்குத் தெனமும் தெளிவா இருக்கு, தெளிவா இருக்குன்னு சொன்னீங்க?"

"நீ அடுப்படியில மூக்கச் சிந்துறது கேக்கும். அப்படிச் சொன்னா நீ அழுகைய நிறுத்துவியோன்னு பாத்தேன்."

இரண்டு பேருமே அழுதோம். பக்கத்து வீட்டுக் காம்பராவில் கேட்டிருக்கும், கேட்டால் கேட்கட்டும்.

பிறகு மண்சட்டியிலிருந்து போத்தலை எடுத்தேன். அவர் எப்போதும்போல் முகத்தை நிமிர்த்திக் காட்டினார். வலிக்கு மட்டும்தான் என்று இரண்டு பேருக்கும் தெரிந்தே, அன்றைக்கு மருந்து விட்டேன்.