படகு ஓடாத நாட்கள்

நான் கறுப்புக் கோட் போட்டு நீதிமன்றத்துக்குப் போகத் தொடங்கிய வருடம், எங்கள் மூத்த சட்டத்தரணி ஓய்வுபெற்ற ரீச்சர் ஒருவரின் வழக்கை என்னிடம் தந்தார். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் முடித்த முதல் ஆள் நான். நாரந்தனையில் அம்மா அந்தக் கோட்டுக்குத் தனியாக வெயில் காட்டுவார்; வலை காயும் பக்கம் கொண்டுபோகவே மாட்டார். அதைப் போட்டுக்கொண்டால் எந்த வழக்கையும் வென்றுவிடலாம் என்று எனக்கு ஒரு எண்ணம்.

ரீச்சருக்கு இறுப்பிட்டியில் வீடு. பல வருடம் நெடுந்தீவில் படிப்பித்தவர். குறிகட்டுவான் துறையில் படகேறித்தான் போய்வருவார். சோளகக் காற்று எழும்பினால் படகு ஓடாது. அப்படியான நாட்களில் ஆசிரியர்கள் இறங்குதுறையில் காத்திருப்பார்கள். இனி ஓடாது என்று படகுக்காரர் சொன்ன பிறகு, பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்கு நடந்துபோய் ஒரு தாளில் கையெழுத்து வைத்துவிட்டு வீடு திரும்புவார்கள். அதைக் கடமை நாளாகத்தான் எல்லாரும் எடுத்துக்கொண்டார்கள். ஆனால் அந்தத் தாள்களை மற்றவர் அனுப்புவார் என்று இரண்டு பள்ளிக்கூட அதிபர்களும் இருந்துவிட்டார்கள். ரீச்சர் ஓய்வுபெற்றபோது அந்த நாட்களெல்லாம் அறிவிக்காமல் எடுத்த லீவாகக் கல்வித் திணைக்களத்தின் கோவையில் கிடந்தன. அதைக் காட்டி ஓய்வூதியத்தையும் பணிக்கொடையையும் நிறுத்திவைத்தார்கள்.

வழக்கு தவணைக்கு மேல் தவணை போனது. ஒருமுறை எதிர்த்தரப்புச் சட்டத்தரணிக்குச் சுகமில்லை. ஒருமுறை கோவை வந்துசேரவில்லை. ரீச்சர் ஒவ்வொரு முறையும் முதல் பஸ்ஸில் வந்து, விறாந்தை வாங்கில் குந்தியிருந்து முழங்காலைத் தடவிக்கொண்டிருப்பார்.

என் அப்பா கொஞ்சக் காலம் அந்த நெடுந்தீவுப் படகில் வேலை செய்தவர். சாட்சி கிடைத்துவிட்டது என்று ஓடிப்போய்க் கேட்டேன்.

"படகு ஓடாத நாளெல்லாம் ஞாபகம் இருக்கே, அப்பா?"

"ஓடின நாளே ஞாபகமில்லை. நீ ஓடாத நாளைக் கேக்கிறாய். கோர்ட்டுக்குப் போற பிள்ளை கேக்கிற கேள்வியே இது?"

குசினிக்குள் அம்மா சிரித்தது கேட்டது. எனக்குக் கோபம் வந்தது. ஆனால் வேறு சாட்சியும் கிடைக்கவில்லை.

கடைசியில் திணைக்களம் சமரசத்துக்கு வந்தது. அந்த நாட்களைச் சம்பளமில்லாத லீவு என்று ரீச்சர் ஒத்துக்கொண்டால், கொஞ்சம் குறைத்து ஓய்வூதியத்தை உடனே விடுவார்களாம். நீதிமன்ற விறாந்தையில் அதிகாரி ஒருவர் தாளை நீட்டினார். வெல்லவேண்டும் என்ற ஆசை எனக்கு எப்போதோ களைத்துப்போயிருந்தது.

"கையெழுத்தை வையுங்கோ ரீச்சர்," என்று நானே பேனையைக் கொடுத்தேன்.

ரீச்சர் கண்ணாடியை மாட்டி ஒவ்வொரு வரியாக ஆறுதலாக வாசித்தார்.

"காசைக் குறைக்கட்டும் பிள்ளை. ஆனா நான் லீவு எடுத்தனான் எண்டு எழுதித்தர ஏலாது. படகு ஓடேல்லை எண்டு ஒரு வரி போடச் சொல்லும்."

"அந்த வரியைப் போட்டா அது கடமை நாளாப் போயிடும், அம்மா," என்றார் அதிகாரி. "பிறகு முழுக் காசும் குடுக்கவேண்டி வரும்."

"அப்ப அது கடமை நாள்தான் எண்டு உங்களுக்கும் தெரியுது."

அதிகாரி சிரித்துவிட்டார். உடனே சிரிப்பை அடக்கி, மேலிடத்தில் கேட்டுத்தான் சொல்லலாம் என்று தாளை வாங்கி மடித்துக்கொண்டு போனார். மேலிடம் என்ன சொல்லும் என்று எங்கள் மூவருக்கும் தெரியும்.

"இது இன்னும் இழுபடும் ரீச்சர். உங்களுக்கு ஏலுமே?"

"ஏலாதுதான்." வாங்குக்குக் கீழே காலால் துழாவிச் செருப்பை இழுத்து மாட்டினார். "நீர் போய் அடுத்த தவணையைக் கேளும். பஸ் வெளிக்கிடப்போகுது."

நான் உள்ளே போய், ரீச்சரின் வழக்குக்குப் பெயர் கூப்பிடும் வரைக்கும் சுவரோடு சாய்ந்து நின்றேன்.