கையில் ஏந்திய மாவிளக்கு

ஆடித் திருவிழாவில் அத்தையின் மாவிளக்கு அணையாமல் சந்நிதி போய்ச் சேர்ந்தால், அவளை என் மாமாவுக்கே கட்டிக்கொடுப்பது என்று அப்பா சொல்லிவிட்டார். அத்தை அப்பாவின் தங்கை; மாமா அம்மாவின் தம்பி. எங்கள் சொந்த ஊர் சாத்தூரிலிருந்து வரும்போதெல்லாம் காராச்சேவு வாங்கி வருகிற மாமா! எனக்கு வேறென்ன வேண்டும்? காலையிலிருந்தே இருப்புக் கொள்ளவில்லை.

மத்திகிரியில் நாங்கள் குடியிருந்த வரிசை வீடுகளிலிருந்து பெண்கள் எல்லோரும் கிளம்பினார்கள். உள்ளூர்க்காரர்கள் தட்டைத் தலையில் வைத்துக்கொண்டார்கள். அத்தை மட்டும் கையில் ஏந்தினாள்.

“தலைமேல வெச்சுக்கம்மா, காத்து தூக்குது பாரு,” என்றார் வீட்டுக்காரம்மா.

“இல்லக்கா, எங்க ஊர்ல கையிலதான் ஏந்துவோம்.”

அம்மாவுக்குப் பெருமை தாங்கவில்லை. கம்பெனி வேலைக்குப் போயும் பிள்ளை ஊர் வழக்கத்தை மறக்கவில்லையாம்.

பம்பைச் சத்தத்துக்கு நடுவே, அத்தையின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு சுடரையே பார்த்தபடி நடந்தேன். லாரி வந்தாலே முந்தானையை இன்னும் இறுக்கிப் பிடித்தேன். கோயில் வாசல் தெரிந்ததும், அப்பாடா என்று மூச்சு விட்டேன். அப்போதுதான் ஒரு கம்பெனி பஸ் எங்களை உரசுவதுபோலக் கடந்தது. சுடர் படுத்து, மறுபடி எழுந்தது. அத்தை சட்டென்று குனிந்தாள்; உதட்டைக் குவித்து ஊதிவிட்டாள்.

“ஐயோ, பாழாப்போன பஸ்ஸு!” என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். வீட்டுக்காரம்மா தன் தட்டை இறக்கி, “இதுல பத்த வெச்சுக்கம்மா,” என்றார்.

“வேணாங்க்கா. ஆத்தாளுக்குத் தெரியாதா?” என்றாள் அத்தை.

சந்நிதியில் அணைந்த விளக்கோடு கண்ணை மூடி வெகுநேரம் நின்றாள். கண்ணீர் வழிந்துகொண்டே இருந்தது. மன்னிப்புக் கேட்கிறாள் என்று நினைத்தேன். கேட்கட்டும், நன்றாகக் கேட்கட்டும்!

பயத்தில் நான் யாரிடமும் மூச்சு விடவில்லை. ஆத்தா சும்மா விடுவாளா? தினமும் எழுந்ததும் அத்தை முகத்தில் அம்மை முத்துப் போட்டிருக்கிறதா என்று உற்றுப் பார்ப்பேன். ஒன்றும் வரவில்லை. கடைசியில் எனக்கு அம்மன் மேலேயே கோபம் வந்தது.

கல்யாணப் பேச்சு நின்றது, காராச்சேவும் நின்றது. பிறகு அத்தை, கூட வேலை பார்த்த உத்தனப்பள்ளிக்காரரைக் கட்டிக்கொண்டாள். இப்போதும் ஆடி தவறாமல் மாவிளக்கு எடுக்கிறாள், தலைமேல் வைத்து. அன்று நாங்கள் எல்லோரும் விளக்கை நம்பிப் போனோம். அத்தை ஒருத்திதான் அம்மனை நம்பிப் போனாள். காராச்சேவுக்காக வேண்டிக்கொண்டு நடந்த எனக்கு அது எங்கே புரியும்?