நோர்சோம் கட்டிய பெயர்

நோர்சோம் வாய் திறந்தால் எதிர்ச் சரிவில் மேயும் யாக் மாடுகள் தலைதூக்கிப் பார்க்கும். டோல்போ மலைகளில் எல்லா ஊரிலும் பெண்களுக்குக் குரல் உண்டு. ஆனால் தோமார் ஊரில் 'பித்தளைத் தொண்டை' என்று பெயர் வாங்கியவள் அவள் ஒருத்திதான். புருஷன் காய்ச்சலில் போனபின், வயலையும் மந்தையையும் ஒரே மகன் ஷெராப்பையும் அந்தக் குரலால்தான் அவள் கட்டி மேய்த்தாள்.

ஷெராப்புக்குப் பெல்கியைக் கட்டிவைத்த வருஷம், பார்லி மூட்டைகளோடு கணவாய் தாண்டிப் போனவர்களில் அவனும் ஒருவன். வழியில் பனிப்புயல். மற்றவர்கள் திரும்பினார்கள், அவன் திரும்பவில்லை. பிறகு யாரோ ஒருவன், கீழ்நாட்டுக் கடைத்தெருவில் அவனைப் போல ஒருவனைப் பார்த்ததாகச் சொல்லிவிட்டுப் போனான். அந்த ஒரு வார்த்தையைத் தாய் நெஞ்சு பிடித்துக்கொண்டது.

லாமா தென்பாவின் வீட்டில் பட்டுத் துணி சுற்றிய ஒரு பழஞ்சுவடி இருந்தது. 'ஒலித்தாய்' என்று பெயர். உலகம் ஒரே ஓசையிலிருந்து பிறந்தது, ஒவ்வோர் உயிரும் அந்த ஓசையின் ஓர் இழை, இழையின் நுனி அவரவர் பெயரில் முடிந்திருக்கிறது என்று அது சொல்லும். அதைக் கண்ணால் மட்டும் படிக்கக் கூடாது. வாய் விட்டுத்தான் படிக்க வேண்டும். நோயில் கிடப்பவருக்கும் காணாமல் போனவருக்கும் அழைக்கும் ஏடு. இறந்தவருக்கு அனுப்பும் ஏடு. மாற்றிப் படித்தால் ஆபத்து. உயிரோடு இருப்பவனை அனுப்பினால் இழை அறுந்துவிடும். இறந்தவனை அழைத்தால் போகவும் முடியாமல் வரவும் முடியாமல் நடுவழியில் நின்றுவிடுவான்.

ஒவ்வோர் அறுவடைக்குப் பிறகும் லாமா தயங்கித் தயங்கிக் கேட்பார்.

"நோர்சோம், இந்த வருஷமும் அழைக்கிற ஏடுதானா?"

"வேற எதைப் படிப்பீங்க? என் புள்ள செத்ததை நீங்க பாத்தீங்களா?"

அவர் அந்த ஏட்டையே படிப்பார். அவள் கூரைமேல் நின்று கணவாயைப் பார்த்துக் கூவுவாள். "ஷெராப், வாடா! அடுப்புல தேத்தண்ணி கொதிக்குது, வாடா!"

"உன் மாமியார் போடுற சத்தத்துக்கு உன் புருஷன் வரானோ இல்லையோ, என் புருஷன் பயந்துக்கிட்டு பொழுதோட வீட்டுக்கு வந்துடறான்" என்று களத்தில் பக்கத்து வீட்டுக்காரி சிரிப்பாள். பெல்கியும் சிரிப்பாள். சிரித்த கையோடு முகத்தைத் திருப்பிக்கொள்வாள். புருஷன் இருக்கிறானா இல்லையா என்று தெரியாத பெண்ணுக்கு அழவும் உரிமை இல்லையே!

அந்தக் கோடையில் கணவாயில் என்றுமில்லாத அளவுக்குப் பனி கரைந்தது. மந்தை ஓட்டிப் போன குன்சாங், கையில் ஓர் இடுப்புக் கச்சையோடு வாசலில் வந்து நின்றான்.

பெல்கி அதை வாங்கி ஓரத்தைத் தடவிப் பார்த்தாள். "நான் நெய்ஞ்சது" என்றாள். அப்படியே சுவரோடு சரிந்து உட்கார்ந்தாள்.

நோர்சோம் கச்சையைத் தொடவில்லை. "எங்க கிடந்தான்?"

"கணவாய்க்கு இந்தப் பக்கம்தான் அத்தை. பாறை இடுக்குல."

"தலை எந்தப் பக்கம்?"

குன்சாங் குனிந்துகொண்டான். "நம்ம ஊர்ப் பக்கம்."

ஐயோ, அந்தத் தாய் என்ன பாடுபட்டிருப்பாள்! நேராக லாமாவின் வீட்டுக்கு ஓடினாள். பெல்கியும் பின்னாலேயே போனாள்.

"நான் கூப்பிடக் கூப்பிட அவன் அங்கேயே நின்னுட்டானா லாமா? நான்தான் கட்டிப் போட்டுட்டேனா?"

"படிச்சது நான்தானே நோர்சோம். உன் முகத்தைப் பாத்து மறுக்க மனசு வரல." கிழவர் சுவடியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "இப்போ அனுப்புற ஏட்டைப் படிச்சிடலாம். ஆனா கடைசியில அவன் பேரை நீதான் சொல்லணும். கட்டின குரல்தான் அவுக்கணும். சொல்றப்போ குரல் உடையக் கூடாது. அதுக்கப்புறம் அந்தப் பேரை உன் வாய் சொல்லவே கூடாது."

நோர்சோம் எழுந்துவிட்டாள்.

"முடியாது. நிக்கட்டும். என் கூப்பிடு தூரத்துலயே நிக்கட்டும். புள்ளையத்தான் குடுத்தேன், பேரையுமா குடுக்கணும்?"

கதவோரம் நின்ற பெல்கிதான் வாய் திறந்தாள். இத்தனை காலத்தில் மாமியாரை எதிர்த்து அவள் பேசிய முதல் பேச்சு அது.

"அங்க ரொம்பக் குளிருமே அத்தை."

நோர்சோம் மருமகளை வெகுநேரம் பார்த்தாள். பிறகு, வெட்டிய மரம்போல லாமாவின் முன்னால் உட்கார்ந்தாள்.

மறுநாள் காலை கூரைமேல் சுவடி விரிந்தது. ஊரே முற்றத்தில் நின்றது. ஏடு ஏடாக லாமாவின் குரல் இறங்கி இறங்கி, கடைசியில் நின்றது. அவர் நோர்சோமைப் பார்த்தார்.

அவள் கணவாயை நோக்கி நின்றாள். உதட்டைக் கடித்தாள்; ரத்தம் துளிர்த்தது. பெற்றபோது வைத்த பெயர், பால் கொடுக்கும்போது கொஞ்சிய பெயர், அடிக்கும்போதுகூட ஆசையாய் வந்த பெயர். அதை நெஞ்சோடு ஒருமுறை அணைத்துக்கொண்டாள்.

"ஷெராப்!"

குரல் ஒரு நூல்கூடப் பிசகவில்லை. பித்தளை மணிபோல் கணீரென்று எழுந்து, பாறையில் மோதி, அந்தப் பக்கம் போய் அடங்கியது.

அதுவரை பல்லைக் கடித்து நின்ற பெல்கி 'ஓ'வென்று கதறிவிட்டாள். நோர்சோம் பாய்ந்து அவள் வாயைப் பொத்தி, தலையைத் தன் மார்பில் அழுத்திக்கொண்டாள்.

"அழாதடி, அழாத" என்றாள் மெல்ல. அவள் அவ்வளவு மெல்லப் பேசி ஊரில் யாரும் கேட்டதில்லை. "இப்பத்தான் கிளம்பியிருக்கான். காதுல விழுந்தா திரும்பிடுவான்."