அண்ணனின் இடது முட்டி

எனக்கு ஓட்டை வாய் என்பது எங்கள் தெருவுக்கே தெரியும். அம்மா சர்க்கரை டப்பாவை எங்கே ஒளித்துவைக்கிறாள் என்பதைப் பக்கத்து வீட்டில் போய்ச் சொன்னவள் நான். அப்படிப்பட்டவள் ஒன்பது வயதில் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் விழுங்கிவிட்டேன். அது சரியா தப்பா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

புதுச்சேரியில் பிரெஞ்சுக் கொடி இறங்கி மூன்று நான்கு வருஷம் ஆகியிருந்தது. எங்கள் வீட்டில் இறங்கவில்லை. அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்து பென்ஷன் வாங்குகிறவர். அண்ணனையும் காலேஜ் பரீட்சை முடிந்த கையோடு அதே பட்டாளத்தில் சேர்த்துக்கொள்ளச் சொல்லி எழுதிப் போட்டுவிட்டார். அப்போது அல்ஜீரியாவில் பிரெஞ்சுக்காரர்களுக்குச் சண்டை. அம்மா சாமி படத்தின் முன்னால் மூக்கைச் சிந்துவாள். அண்ணன் மூச்சு விடமாட்டான். அப்பா எதிரில் அவன் எதற்குத்தான் வாய் திறந்திருக்கிறான்?

அவனுக்கு உயிரெல்லாம் காலேஜ் ஃபுட்பால் டீம்தான். கோல் கீப்பருக்கு முன்னால் காவலாக நிற்பான். அந்த வருஷம் டீம் வரிசையாக ஜெயித்துக்கொண்டு வந்தது. இன்னும் மூன்று ஆட்டம் இருக்கும்போது, பயிற்சியில் அவன் இடது முட்டி பிசகியது. எனக்கு ரிப்பன் வாங்கப் போவதாக வீட்டில் சொல்லிவிட்டு, என்னையும் ரிக்‌ஷாவில் ஏற்றிக்கொண்டு மூலக்குளத்து வைத்தியரிடம் போனான்.

அவர் முட்டியை அமுக்கிப் பார்த்தார். "இருவது நாளு கால ஊனாம கெட. இந்த எண்ணெயத் தேச்சா கூடிடும். இதோட ஆடுன, ஆயுசுக்கும் நொண்டிதான் தம்பி."

திரும்பி வரும்போது அண்ணன் என் கையைப் பிடித்துக்கொண்டான். "யார்கிட்டயும் சொல்லிடாத பாப்பா. என்மேல சத்தியம்."

"அப்ப ஆட மாட்டியா?"

"ஆடுவேன்."

கோப்பை ஆசை என்று நினைத்துக்கொண்டேன். எண்ணெயை அவன் வாழை மரத்தடியில் கொட்டினான். நாற்றத்தை வைத்து அப்பா கண்டுபிடித்துவிடுவார் என்றான். மண்டு, அதையும் நம்பினேன்! ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் பழைய வேட்டியைக் கிழித்து, பப்ளிமாஸ் பழம் மாதிரி வீங்கிய முட்டியில் நான்தான் கட்டிவிட்டேன். அதோடு இரண்டு ஆட்டம் தாக்குப்பிடித்தான்.

கடைசி ஆட்டத்துக்கு ஊரே திரண்டிருந்தது. ஆளுக்கு ஒரு கோல். முடியப்போகும் நேரத்தில் எதிராளி ஒருவன் பந்தோடு ஓடிவந்தான். அண்ணன் குறுக்கே இடது காலை ஊன்றினான், அப்படியே சரிந்தான். பந்து அவனைத் தாண்டி உள்ளே போய்விட்டது.

டீம் கேப்டன் அவனுக்குச் சின்ன வயதிலிருந்து சிநேகிதன். மறுநாள் வாசலிலேயே நின்று கேட்டான். "கால் சரியில்லன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா வேற ஆள எறக்கியிருப்பேனேடா. எல்லாரையும் கவுத்துட்டியே!" கேப்டன் அதன்பிறகு எங்கள் வீட்டுப் படி ஏறவில்லை.

பரீட்சை முடிந்து அண்ணன் பட்டாளத்து டாக்டரிடம் போனான். அவனை நடக்கச் சொல்லிப் பார்த்துவிட்டு, கால்மணி நேரத்தில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். அப்பா நாற்காலியைச் சுவர்ப் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார். அன்றோடு அவனிடம் பேச்சை நிறுத்தினார். சாகும்வரை பேசவில்லை.

நான் கிணற்றடியில் போய் அழுதேன். அண்ணன் நொண்டிக்கொண்டே வந்து பக்கத்தில் உட்கார்ந்தான். "நான் அப்பவே சொல்லியிருந்தா உன் கால் நல்லா இருந்திருக்கும்லண்ணா?"

"நல்லா இருந்திருக்கும்" என்றான். "நீ சொல்லாததுதான் நல்லது."

போகமாட்டேன் என்று ஒரு வார்த்தை அப்பாவிடம் சொல்லப் பயந்தவன், அந்த வார்த்தைக்குப் பதிலாகக் காலைக் கொடுத்திருக்கிறான்; டீமையும் சிநேகிதனையும் சேர்த்துக் கொடுத்திருக்கிறான். இது எனக்கு உறைக்கப் பல வருஷம் ஆயிற்று. அன்றைக்கு எனக்குத் தெரிந்ததெல்லாம் கோப்பை போன துக்கம்தான். கண்ணைத் துடைத்துக்கொண்டு அவனைத் தேற்றினேன்.

"அடுத்த வருஷம் நாமதாண்ணா ஜெயிப்போம்."

"ஆமாம் பாப்பா" என்றான், முட்டியைத் தடவிக்கொண்டே.