பதினான்கு பேர் கொண்ட குடும்பம்

அந்தப் பூங்காவில் இருபத்திரண்டு பெஞ்சுகள் இருந்தன. பேரீச்ச மரங்கள் அறுபத்து நான்கு. உள்ளே போக ஒரு கேட், வெளியே வர வேறொரு கேட். வெளிக் கேட்டிலிருந்து மதிலை ஒட்டி நடந்து உள் கேட்டுக்கு வர, ஒன்பது வயதுக் காலுக்கு இருநூற்றுப் பன்னிரண்டு எட்டு. இதையெல்லாம் எண்ணச் சொல்லி யாரும் என்னைக் கேட்கவில்லை. கேட்காமலே எண்ணுவதும், எண்ணியது சரிதானா என்று கவலைப்பட்டுத் திரும்ப எண்ணுவதும் என் சுபாவம். வீட்டில் அப்போதே என்னைக் கிழவன் என்றுதான் கூப்பிட்டார்கள். இப்போது தலை நரைத்து, மாத்திரையும் நாளைக்கு ஐந்தாகிவிட்டதால், அந்தப் பெயர் தப்பென்று யாரும் சொல்ல முடியாது.

எண்பதுகளின் தொடக்கம். குவைத்தில் ஃபஹாஹீலில் இருந்தோம். அம்மா நர்ஸ், அப்பா எண்ணெய்க் கம்பெனியில் டெக்னீஷியன். இருவருக்கும் சொந்த ஊர் கன்னியாகுமரிக் கடற்கரை. அம்மாவின் தம்பி, என் மாமா, ஒரு தோட்டக் கம்பெனியில் வேலைக்கு வந்து, அவர்களுடைய தொழிலாளர் கேம்பில் தங்கியிருந்தார். வெள்ளிக்கிழமை மட்டும் எங்கள் வீட்டில் மீன்குழம்புச் சோறு.

கடலோரத்துப் பூங்காவைப் பராமரித்தது மாமாவின் கம்பெனிதான். சனி முதல் வியாழன் வரை மாமாவும் கூட்டாளிகளும் மஞ்சள் உடுப்புப் போட்டு அங்கே புல்லுக்குத் தண்ணீர் விட்டார்கள், மரம் கழித்தார்கள், குப்பை பொறுக்கினார்கள். டூட்டி நேரத்தில் பெஞ்சில் உட்கார்ந்தால் அரைநாள் சம்பளம் பிடிப்பார்கள். வெள்ளிக்கிழமை லீவு. ஆனால் பூங்கா கேட்டில் அரபியிலும் இங்கிலீஷிலும் ஒரு பலகை இருந்தது: வெள்ளிக்கிழமை குடும்பங்களுக்கு மட்டும். வாரத்தில் ஏழு நாள். ஆறு நாள் உட்காரக்கூடாது, ஏழாம் நாள் நுழையக்கூடாது. எனக்குத் தெரிந்த எந்தக் கணக்கிலும் அவர்களுக்கு மிச்சம் எதுவும் வரவில்லை.

மனைவி பிள்ளைகளை ஊரில் விட்டுவிட்டு வந்த எங்கள் ஆட்களுக்கு அங்கே பேச்சிலர் என்று பெயர். எங்களுக்கு மட்டுமில்லை, பாகிஸ்தான், பங்களாதேஷ், சிலோன் ஆட்களுக்கும் அதே பெயர்தான். மாமாவின் கேம்பில் இராமநாதபுரம் பக்கத்துப் பெரியவர் ஒருவர் இருந்தார். எல்லோரும் அவரை மேஸ்திரி என்பார்கள். அவருக்கு நான்கு பிள்ளைகள், இரண்டு பேரன்கள். அவரும் பேச்சிலர். அந்த இருபத்திரண்டு பெஞ்சுகளையும் ஒரே கோடையில் சிமெண்ட் போட்டு ஊன்றியவர் அவர்.

ஒரு வெள்ளிக்கிழமை மாமா என்னைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு பூங்காவுக்குப் போனார். காவல்காரர் மாமாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், வழிவிட்டார். மாமா பத்தடி உள்ளே போய் நின்றுவிட்டார்.

"என்ன மாமா?"

"ஒண்ணுமில்ல மருமவனே. பிள்ள கையில இருந்தா குடும்பமாம்லா! இது தெரியாம ரெண்டு வருசத்த வீணாக்கிட்டேனே."

அடுத்த வெள்ளிக்கிழமை சாப்பாடு முடிந்ததும், கடைக்குப் போவதாக அம்மாவிடம் சொல்லிவிட்டு என்னைக் கூட்டிக்கொண்டு போனார். மதில் மறைவில் பத்துப் பேர் நின்றார்கள். எல்லோரும் குளித்துத் தலை சீவி, பெட்டியில் மடித்து வைத்த சட்டை போட்டிருந்தார்கள். சட்டைகளில் மடிப்புக் கோடு தெரிந்தது. மாமாவோடு பதினொரு பேர். பிள்ளை ஒன்றுதான் இருந்தது, நான்.

திட்டம் எளிது. ஒருவர் கையைப் பிடித்து நான் உள்ளே போக வேண்டும். அவரை விட்டுவிட்டு வெளிக் கேட் வழியாகத் தனியாக வந்து, இருநூற்றுப் பன்னிரண்டு எட்டு நடந்து, அடுத்தவர் கையைப் பிடிக்க வேண்டும். வெளியே போகிற பிள்ளையை யாரும் கேட்பதில்லை.

"யாருன்னு கேட்டா அப்பான்னு சொல்லணும்," என்றார் கூட்டத்தில் ஒருவர்.

"அப்பா ஒருத்தர்தான். அவருக்கு இன்னைக்கு டூட்டி. நான் அங்கிள்னு சொல்லுவேன்."

"லேய், கிழவன் சட்டம் பேசுறான்," என்று மாமா சிரித்தார். "அங்கிள்னே சொல்லு. அதும் குடும்பந்தான்."

அடுத்த பிரச்சினையையும் நானே கிளப்பினேன். மேஸ்திரி ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போகிறார், டிக்கெட் வந்துவிட்டது என்று வரும் வழியிலேயே மாமா சொல்லியிருந்தார். அதுதான் அவருக்கு அங்கே கடைசி வெள்ளிக்கிழமை. தான் ஊன்றிய பெஞ்சில் ஒரு தடவை சொந்தச் சட்டையோடு உட்கார வேண்டும் என்று பதினோரு வருஷ ஆசை அவருக்கு. அப்படியென்றால் அவர்தானே முதலில் போக வேண்டும்? அவரோ மதிலோரம் குந்திக்கொண்டு அசையவில்லை.

"நீங்க முன்னாடி போங்கப்பா. நான் கடைசியா வாரேன்."

"இருட்டிடும் தாத்தா. ஒரு சுத்துக்கு ஆறு நிமிஷம். பத்துச் சுத்து சுத்தணும்."

"இருட்டாது தம்பி. நீ பாத்து நட."

எனக்குக் கோபமாக இருந்தது. வரிசை தப்பாக இருந்தால் எனக்குச் சோறு இறங்காது.

மாமாவோடு முதல் தடவை போனேன். பிறகு மற்றவர்கள். ஒவ்வொருவரும் என் கையை ஒவ்வொரு விதமாகப் பிடித்தார்கள். ஒருவர் சுண்டுவிரலை மட்டும். ஒருவர் வலிக்கிற மாதிரி இறுக்கி. ஆறாவது ஆள் உள்ளே போன பிறகும் விடவில்லை, நானாகத்தான் உருவிக்கொண்டு வந்தேன். பங்களாதேஷ்காரர் ஒருவர் புல்வெளி வரைக்கும் என்னைத் தூக்கிக்கொண்டே போய் இறக்கிவிட்டார். எனக்கு ஒன்பது வயதாகிறது, தூக்கக்கூடாது என்று இங்கிலீஷில் சொன்னேன். அவருக்குப் புரிந்ததாகத் தெரியவில்லை.

காவல்காரர் பெஷாவர் பக்கத்து ஆள், உருது பேசுவார். மூன்றாவது தடவையே அவருக்கு விளங்கிவிட்டது. "ஃபிர் ஆகயா, பேட்டா?" என்றார், மறுபடி வந்துவிட்டாயா என்று. ஐந்தாவது தடவையிலிருந்து என்னைக் கண்டதும் டீ கிளாஸை எடுத்து அதற்குள்ளேயே உற்றுப் பார்க்கத் தொடங்கினார். அதில் டீ தீர்ந்து வெகுநேரம் ஆகியிருந்தது.

பத்தாவது ஆள் உள்ளே போனபோது புதுச் செருப்பு என் குதிகாலைக் கடித்துவிட்டது. நொண்டிக்கொண்டே வந்து மேஸ்திரியின் கையைப் பிடித்தேன். சிமெண்ட் தின்ற கை. சொரசொரவென்று இருந்தது, வியர்க்கவே இல்லை. நாங்கள் கேட்டை நெருங்கியபோது ஒரு வெள்ளை ஜீப் வந்து நின்றது. பூங்காவின் மேற்பார்வையாளர் இறங்கினார். அவர் எந்த நாட்டுக்காரர் என்று எனக்குத் தெரியாது. இங்கிலீஷ் பேசினார்.

கேட்டுக்கு உள்ளே, இடது பக்கத்து மூன்று பெஞ்சுகளில் பத்து ஆண்கள் உட்கார்ந்திருப்பதை அவர் பார்த்தார். பிறகு மேஸ்திரியைப் பார்த்தார். பிறகு குனிந்து என்னைப் பார்த்தார்.

"இது யார்?"

"அங்கிள்."

"உள்ளே இருக்கிறவர்கள்?"

"அவர்களும் அங்கிள்."

"உன் குடும்பத்தில் மொத்தம் எத்தனை பேர்?"

எண்ணிக்கை கேட்டால் எனக்குப் பொய் வராது. வீட்டில் மூன்று. உள்ளே பத்து. கையில் ஒன்று.

"பதினான்கு," என்றேன்.

காவல்காரருக்குத் திடீரென்று இருமல் வந்தது. மேற்பார்வையாளரின் முகம் சிவந்துவிட்டது. எல்லாரும் வெளியே போக வேண்டும், உடனே, என்று கத்தினார். மாமாவும் மற்றவர்களும் எழுந்தார்கள். வாரத்தில் ஆறு நாள் அவர்கள் வேலையை நின்று பார்க்கிற மனிதர் அவர். மஞ்சள் உடுப்பு இல்லாததால் பத்துப் பேரில் ஒருவரைக்கூட அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

அந்த நேரம் அரைக்கால் சட்டை போட்ட ஒரு வெள்ளைக்காரர், கக்கத்தில் பத்திரிகையோடு வந்தார். மேற்பார்வையாளர் ஒதுங்கி வழிவிட்டார். வெள்ளைக்காரர் உள்ளே போய், நான்காவது பெஞ்சில் உட்கார்ந்து பத்திரிகையை விரித்தார்.

நான் அவருக்குப் பின்னால் பார்த்தேன். யாரும் வரவில்லை.

"அவர் ஒருத்தர்தானே?" என்று கேட்டேன். "அவருடைய குடும்பம் எங்கே?"

சத்தியமாக எதிர்த்துக் கேட்கவில்லை. கணக்கு இடித்தது, அதனால் கேட்டேன். ஆனால் அந்தக் கேள்விக்குப் பிறகு அங்கே எல்லோரும் வேறு மாதிரி ஆகிவிட்டார்கள். எழுந்து நின்ற மாமா திரும்ப உட்கார்ந்தார். அவரைப் பார்த்து அடுத்தவர். பத்துப் பேரும் உட்கார்ந்துவிட்டார்கள். மேஸ்திரி என் கையை விடாமல், மேற்பார்வையாளரைச் சுற்றிக்கொண்டு உள்ளே நடந்து, மாமா நகர்ந்து கொடுத்த இடத்தில் உட்கார்ந்தார். உள்ளங்கையால் பெஞ்சின் விளிம்பைத் தடவிப் பார்த்தார்.

"ஆட்டமில்லாமத்தான் நிக்கிது," என்றார்.

"கார்டு!" என்று கத்தினார் மேற்பார்வையாளர். "எல்லோரும் கம்பெனி கார்டை எடுங்கள்! யார் உங்களை இங்கே கூட்டி வந்தது?"

யாரும் அசையவில்லை. மேஸ்திரி மட்டும் சட்டைப் பையிலிருந்து கார்டை எடுத்து இரண்டு கையாலும் நீட்டினார், முன்பே எடுத்து வைத்திருந்ததுபோல.

"மேனே லாயா சாப். சப்கோ மேனே லாயா. நம்பர் லிக்கோ." எல்லோரையும் கூட்டி வந்தது நான்தான், நம்பரை எழுதிக்கொள்ளுங்கள் என்றார். காவல்காரரைக் காட்டி, இவருக்கு ஒன்றும் தெரியாது, நான்தான் ஏமாற்றினேன் என்றும் சொன்னார்.

மாமா எதையோ சொல்ல வாயெடுத்தார். மேஸ்திரி திரும்பாமலே, "நீ சும்மா இருப்பா," என்றார்.

மேற்பார்வையாளர் கார்டின் எட்டு இலக்கத்தையும் தன் நோட்டில் எழுதினார். ஒவ்வொரு இலக்கத்துக்கும் பேனாவை அழுத்தினார். போலீசைக் கூப்பிடுவேன் என்றார். மேஸ்திரி கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். என் கைக்கடிகாரத்தில் பதினேழு நிமிஷம் ஆயிற்று. பிறகு அவராகவே எழுந்து வேட்டியை உதறுவதுபோலப் பேன்ட்டை உதறிக்கொண்டார்.

"போதும்ப்பா. வாங்க."

ஒருவர் வெளிக் கேட்டைப் பார்த்துத் திரும்பினார். "அங்கிட்டு எதுக்கு?" என்றார் மேஸ்திரி. "வந்த வழியாவே போவோம்." பன்னிரண்டு பேரும் பலகைக்குக் கீழே, உள்ளே வருகிற குடும்பங்களுக்கு எதிராக நடந்து வெளியே வந்தோம்.

வீட்டில் அம்மா மாமாவைப் பிடித்துக்கொண்டாள். "பிள்ளைய வச்சா வெளையாடுவாவ? உன் விசாவும் போயி, எங்க விசாவும் போயி, எல்லாரும் கட்டுமரத்துல ஏறணுமால?" மாமா தலையைக் குனிந்துகொண்டார். நான் குதிகாலுக்கு மருந்து போட்டுக்கொண்டே, நடந்ததை வரிசை மாறாமல் சொன்னேன். வெள்ளைக்காரர் வந்த இடத்தில் அம்மா என்னை நிறுத்தினாள்.

"அந்த ஆளுகூட பிள்ள இருந்துச்சா?"

"இல்ல."

"பொண்டாட்டி?"

"யாருமே இல்ல. ஒருத்தர்தான்."

 அடுத்த வியாழக்கிழமை சாயங்காலம் அம்மா டெலிபோன் முன்னால் உட்கார்ந்து, கூட வேலை பார்க்கும் நர்ஸ்களைக் கூப்பிட்டாள். மூன்று பேருக்குப் பிள்ளைகள் இருந்தார்கள். என்னோடு சேர்த்து ஏழு. மறுநாள் ஏழு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு பூங்காவுக்கு அம்மாவே முன்னால் நடந்தாள்.

அந்த ஒரு வாரமும் நான் தூங்கவில்லை. பதினான்கு என்று சொல்லாமல் மூன்று என்று சொல்லியிருந்தால் மேஸ்திரி மாட்டியிருக்க மாட்டார். அவர் ஞாயிற்றுக்கிழமை விமானம் ஏறிவிட்டார் என்று மாமா சொன்னார். ஆனால் அப்பாவும்தான் லீவுக்குப் போனார், அறுபது நாளில் திரும்பி வந்தார். கடைசி வெள்ளிக்கிழமை என்று சொன்னாலும் இவரும் வருவார். வந்ததும் பிடிப்பார்கள்.

கேட்டில் காவல்காரரின் கையில் ஒரு தாள் இருந்தது. அதில் ஒரே ஒரு எண். இந்த ஆளை உள்ளே விடக்கூடாது என்று உத்தரவு. அவர் மாமாவின் கார்டை வாங்கினார். ஒவ்வொரு இலக்கமாக விரல் வைத்து ஒப்பிட்டார். "யே நஹி," என்று திருப்பிக் கொடுத்தார். அடுத்தவர் கார்டு. யே நஹி. இதுவும் இல்லை. வெகு கவனமாக, ஒரு இலக்கம்கூட விடாமல், பிள்ளைகள் கையைப் பிடித்து நின்ற ஏழு பேரின் கார்டுகளையும் சோதித்தார். பிறகு எல்லோரையும் உள்ளே விட்டுவிட்டு, அடுத்த சுற்றுக்காக டீ கிளாஸைக் கையில் எடுத்துக்கொண்டார்.

நான் எட்டிப் பார்த்தேன். ஒரு தடவை பார்த்த எண் எனக்கு மறக்காது. மேஸ்திரியின் எண்தான். அந்தப் பூங்காவில் இனி எப்போதும் நுழைய முடியாத ஒரே ஆள் அவர்தான், அதுவும் நான் சரியாக எண்ணிய குற்றத்துக்காக. அங்கேயே நின்று ஓவென்று அழுதேன்.

மாமா குனிந்து என் கண்ணைத் துடைத்தார். அந்தத் தாளைப் பார்த்தார். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அம்மா சிரித்தாள், காவல்காரரும் சிரித்தார்.

"மருமவனே, அவரு விசா, நாம அன்னைக்கு இங்க வாரதுக்கு முந்தின நாளே கேன்சல். இனி இந்த நம்பரு ராமநாதபுரத்துல இருக்கு. அங்க போயிப் பிடிக்கட்டும்."

அப்படியும் என் அழுகை நிற்கவில்லை. பெஞ்சுகளைப் போட்டவர், எல்லோருக்கும் மூத்தவர், கடைசி வெள்ளிக்கிழமை. அவரை ஏன் பதினோராவதாக நிற்கவிட்டார்கள் என்பது மட்டும் அன்று என் கணக்கில் சேரவே இல்லை.